வசந்தகாலக் கிழங்குகளுக்குத் தண்ணீர்: ஒக்டோபரிலிருந்து ஒக்டோபர் வரை ஒரு முழுமையான வழிகாட்டி

யாழ்ப்பாணத்தில் எங்கள் ஐயா வெங்காயம் செய்தவர். கிண்டுகிற நாள் நெருங்கியதும் பாத்திக்குத் தண்ணீரை நிறுத்திவிடுவார். தாள் வாடிச் சரிவதைப் பார்த்து எனக்குப் பதறும். "இனி ஈரம் பட்டால் அழுகிப்போகும், வைக்கேலாது" என்பார். அவ்வளவுதான் விளக்கம்.

கனடாவில், ரொறன்ரோவின் ஸ்காபரோவில் வீடு வாங்கி முன்முற்றத்தில் துலிப் கிழங்கு நட்டபோது அந்தப் பாடம் எனக்கு நினைவுக்கு வரவில்லை. மே மாதம் பூ உதிர்ந்ததும் வேலை முடிந்தது என்று தண்ணீரை நிறுத்தினேன். ஜூனில் அதே பாத்தியில் பெட்டூனியா நட்டு, கோடை முழுவதும் மாலைதோறும் குழாய் பிடித்தேன். அடுத்த வசந்தத்தில் நாற்பது கிழங்கில் ஒன்பதுதான் இலை விட்டன. பூத்தவை இரண்டு. தோண்டிப் பார்த்தால் மற்றவை பழுப்புக் கூழாகி, புளித்த வாடையோடு கிடந்தன.

தேவைப்பட்ட மாதத்தில் நிறுத்தினேன், வேண்டாத மாதத்தில் ஊற்றினேன். இந்த இரண்டு பிழையையும்தான் பெரும்பாலான வீடுகளில் பார்க்கிறேன். பூ இருக்கும்போது கவனிக்கிறோம், பூ போனதும் மறக்கிறோம். கிழங்கின் தாகமோ பூவோடு சேர்ந்து வந்து போவதில்லை. அது எந்த மாதம் குடிக்கிறது, எந்த மாதம் உறங்குகிறது என்று தெரிந்துவிட்டால் மற்றதெல்லாம் எளிது.

இங்கே சொல்லும் மாதங்கள் ரொறன்ரோவுக்கும் அதைச் சுற்றியுள்ள தென் ஒன்ராறியோவுக்கும் பொருந்துபவை. இங்கிலாந்தின் இலண்டனில் இருப்பவர்களுக்கு வசந்தம் சில கிழமை முந்தி வரும், மண்ணும் இங்கேபோல் இறுகி உறையாது. மாதத்தை மாற்றிக்கொள்ளுங்கள், ஒழுங்கு அதேதான்.

கிழங்குக்குள் நடப்பது

துலிப் என்றதும் ஹொலந்துதான் நினைவுக்கு வரும். அதன் பிறந்த ஊர் மத்திய ஆசியாவின் தியன் ஷான், பாமிர் மலைச்சரிவுகள். துருக்கி வழியாக ஐரோப்பாவுக்குப் போய், நெதர்லாந்தின் லைடன் தாவரத் தோட்டத்தில் தாவரவியலாளர் கரோலஸ் குளூசியஸ் நட்ட கிழங்குகள் 1594-இல் பூத்தன. ஹொலந்தில் அது நிலைத்ததற்கு மண்ணும் ஒரு காரணம். கடலோர மணல்மேடுகளுக்குப் பின்னால் உள்ள நிலம் மணற்பாங்கானது, ஊற்றிய நீர் நிற்காது. நிலத்தடி நீர் மேலே ஏறிவிடாமல் வாய்க்கால் வெட்டிக் கட்டுப்படுத்தவும் அவர்களுக்குத் தெரியும்.

அந்த மலைச்சரிவில் குளிர்காலம் முழுவதும் மண் பனிக்கு அடியில் கிடக்கும். வசந்தத்தில் பனி உருகி, சில கிழமைகளுக்குத் தாராளமாக நீர் கிடைக்கும். அதன் பிறகு கோடை, கல் சுடும், மழை அரிது. கிழங்கு இந்த ஒழுங்குக்குப் பழகிய உயிர். நமக்கும் இது புதிதில்லை. கார்த்திகைப் பூவின் கிழங்கும் வரட்சி முழுவதும் மண்ணுக்குள் உறங்கி, மழையோடுதான் எழும்பும்.

இன்னொன்றை அறிந்தபோது என் தோட்ட வேலையே மாறியது. ஒக்டோபரில் நாம் நடும் துலிப் கிழங்கு அடுத்த ஜூனில் மண்ணுக்குள் இருக்காது. இலையையும் பூவையும் வளர்ப்பதில் அது தன்னையே செலவழித்துவிடும். அதன் இடத்தில் குட்டிக் கிழங்குகள் இருக்கும். அவை பருப்பது பெரும்பாலும் பூ உதிர்ந்த பிறகு, இலை பச்சையாக நிற்கும் அந்த ஐந்தாறு கிழமைகளில். அதன் பிறகு கோடை உறக்கத்தில், வெளியே ஓர் அசைவும் தெரியாதபோது, அடுத்த வருடத்துப் பூவின் மொட்டு கிழங்குக்குள் உருவாகிறது. ஆகவே மே மாதத் தண்ணீர் கிழங்கைப் பெருக்குகிறது, கோடைக் காய்ச்சல், அதாவது மண் காய்ந்து கிடப்பது, பூவைக் காப்பாற்றுகிறது. இன்னொரு வசந்தகாலக் கிழங்கான டாஃபடில் இதில் வேறு மாதிரி. அதன் கிழங்கு வருடா வருடம் நிலைத்திருந்து பெருகும், அடுத்த பூவை இலை காய்வதற்கு முன்பே உருவாக்கத் தொடங்கிவிடும். அதனால் மே, ஜூன் வரட்சி டாஃபடிலைத்தான் இன்னும் கடுமையாகத் தாக்கும்.

நடுவதற்கு முன்: தண்ணீர் எங்கே போகிறது?

ஸ்காபரோ, மார்க்கம் பக்கத்தில் பல வளவுகளில் களிமண்தான். கிழங்கு வாங்குவதற்கு முன் ஒரு சோதனை செய்யுங்கள். 30 செ.மீ. ஆழத்துக்கு ஒரு குழி வெட்டி, நிறையத் தண்ணீர் ஊற்றி வடிய விடுங்கள். மறுபடி நிரப்பி, ஒரு மணி நேரத்தில் எவ்வளவு இறங்குகிறது என்று பாருங்கள். 2.5 செ.மீ.க்குக் குறையாமல் இறங்கினால் நல்லது. அடுத்த நாள் காலையிலும் தண்ணீர் நின்றால் அந்த இடத்தில் துலிப் நடவேண்டாம். மண்ணைக் கூட்டி 20, 25 செ.மீ. உயர்ந்த பாத்தி போடுங்கள், அல்லது வேறு இடம் பாருங்கள். குழிக்கு அடியில் மட்டும் மணல் போடுவதால் பயனில்லை. சுற்றியுள்ள களிமண்ணிலிருந்து நீர் அந்த மணலுக்குள் வந்து தேங்கும். இலைமக்கை முழுப் பாத்தியிலும் கலப்பதுதான் உதவும்.

இடம் தெரிவு செய்யும்போதே ஜூலையை நினைத்துக்கொள்ளுங்கள். நம்மவர்கள் வீட்டுப் பின்வளவில் மிளகாய், கத்தரி, பயற்றங்காய் எல்லாம் இருக்கும், கோடையில் அவற்றுக்குத் தினமும் தண்ணீர் வேண்டும். அந்தப் பாத்திக்கு அருகில் துலிப் கூடாது. கோடையில் தண்ணீர் கேட்காத லாவெண்டர், செடம் போன்றவற்றின் நடுவே நட்டால், அவை வளர்ந்து வெறும் மண்ணையும் மறைக்கும்.

ஒக்டோபர்: முதல் தண்ணீர்

மண்ணின் சூடு 15 பாகை செல்சியசுக்குக் கீழே இறங்கியதும் கிழங்கு வேர்விடத் தயாராகும். ரொறன்ரோவில் பெரும்பாலும் ஒக்டோபர் நடுப்பகுதி. டாஃபடிலைச் செப்டெம்பர் கடைசியிலேயே நடலாம். கிழங்கின் உயரத்தைப்போல் மூன்று மடங்கு ஆழம் என்பது பொதுவான கணக்கு, துலிப்புக்கு 15 முதல் 20 செ.மீ.

நட்டு மண்ணை மூடிய அதே நாளில் நன்றாக நனையுங்கள். மழை வரும்தானே என்று விடவேண்டாம். வெங்காயத்தின் அடியில் வட்டமாக ஒரு தட்டு இருக்குமே, துலிப்பின் வேர் முழுவதும் அதுபோன்ற தட்டிலிருந்துதான் புறப்படுகிறது. அந்தத் தட்டில் ஈரம் பட்டால்தான் வேர் எழும்பும். துலிப்பின் வேர் கிளை விடாது, அறுந்தால் மறுபடி முளைக்காது. மண் உறைவதற்குள் ஓடும் வேரை வைத்துக்கொண்டுதான் அது அடுத்த ஜூன் வரை பிழைக்கவேண்டும்.

எவ்வளவு ஊற்றுவது? ஒரு சதுர மீற்றர் நிலத்தில் 1 மி.மீ. மழை என்றால் 1 லீற்றர். ஒரு நல்ல நனைப்புக்கு 25 மி.மீ. வேண்டும், அதாவது சதுர மீற்றருக்கு 25 லீற்றர். மூன்று மீற்றர் நீளம், ஒரு மீற்றர் அகலப் பாத்திக்கு 75 லீற்றர். 10 லீற்றர் பூவாளியால் ஏழெட்டு முறை. பலர் ஒரு பூவாளியோடு முடித்துவிடுகிறார்கள். மேல்மண் கறுத்துவிடும், 15 செ.மீ. ஆழத்தில் கிடக்கும் கிழங்குக்கு ஒரு துளியும் போய்ச் சேராது. களிமண்ணானால் ஒரே மூச்சில் ஊற்றாமல் பாதியை ஊற்றி, அரை மணி நேரம் விட்டு மீதியை ஊற்றுங்கள். ஸ்பிரிங்க்ளர் வைத்திருப்பவர்கள் பாத்தியின் நடுவே காலி மீன்டின் ஒன்றை வையுங்கள். அதில் இரண்டரை செ.மீ. தண்ணீர் நின்றால் போதும்.

அதன் பிறகு மழையைப் பொறுத்தது. பத்து நாள் மழையே இல்லையென்றால் இன்னொரு முறை. விரலை விட்டுப் பார்த்து முடிவு செய்யவேண்டாம், விரல் அந்த ஆழத்துக்குப் போகாது. ஒரு ஓரத்தில் சிறு மண்வெட்டியால் 15 செ.மீ. தோண்டி, மண்ணைப் பிடித்துப் பாருங்கள். உருண்டையாகப் பிடிபட்டால் ஈரம் இருக்கிறது, உதிர்ந்தால் ஊற்றுங்கள், சேறாகக் கையில் ஒட்டினால் கிட்டவே போகாதீர்கள்.

வீட்டுக்கு வெளியே உள்ள தண்ணீர்க் குழாயைக் குளிருக்கு முன்பு உள்ளே பூட்டி, வடியவிட்டு வைக்கவேண்டும், இல்லாவிட்டால் குழாய் வெடிக்கும். பூட்டுகிற அந்த நாளுக்கு முன் ஒருமுறை தோண்டிப் பார்த்துக்கொள்ளுங்கள். பூட்டிய பிறகு வாளியில் சுமக்கவேண்டி வரும்.

டிசெம்பரிலிருந்து மார்ச் வரை

நிலத்தில் நட்டவற்றுக்குத் தண்ணீர் வேண்டாம். மண் உறையத் தொடங்கியதும் காய்ந்த சருகை ஒரு சாண் அளவுக்குத் தளர்வாகப் போட்டு மூடலாம். அதற்கு மேல் கொட்டும் ஸ்நோ நல்ல போர்வை, அள்ளி எறியவேண்டாம்.

ஆனால் டிரைவ்வேயில் அள்ளிய ஸ்நோவைக் கிழங்குப் பாத்தியின் மேல் குவிக்கவேண்டாம். அதில் நாம் தூவிய உப்பு இருக்கும். உருகும்போது உப்புத் தண்ணீர் நேராக வேருக்கு இறங்கும். தவறிக் குவித்துவிட்டால், ஏப்ரலில் மண் இளகியதும் நல்ல தண்ணீரால் இரண்டு முறை ஆழமாக நனைத்து உப்பைக் கீழே கழுவிவிடுங்கள். ஜனவரி, பெப்ரவரியில் இரண்டு நாள் வெயில் எறித்து ஸ்நோ உருகி, அடிமண் உறைந்திருப்பதால் பாத்தியில் குளம்போல் நிற்பதுண்டு. அப்போது மண்வெட்டியால் ஓரத்தில் சின்ன வாய்க்கால் கீறி வடியவிடுங்கள். பாத்திக்குத் தண்ணீர் மாறி வளர்ந்த நமக்கு அது கைவந்த வேலை.

ஏப்ரல்: மூக்கு தெரியும்போது

மார்ச் கடைசியில் துலிப்பின் சிவந்த மூக்கு மண்ணைக் கிழித்து வரும்போது ஆசையாக இருக்கும், உடனே பூவாளியைத் தூக்கத் தோன்றும். பொறுங்கள். உருகிய பனியின் ஈரமே மண்ணில் நிறைய இருக்கும்.

கவனிக்கவேண்டியது ஏப்ரல் நடுவிலிருந்து. மழை இல்லாமல் காற்று மட்டும் வீசும் கிழமைகள் வரும். தண்டு நீண்டு மொட்டு மேலே ஏறும் அந்த நாட்களில் மண் காய்ந்தால் மொட்டு உறைக்குள்ளேயே கடதாசிபோல் கருகும். மழையையும் சேர்த்துக் கிழமைக்கு 25 மி.மீ. கிடைக்கிறதா என்று பாருங்கள்.

வீட்டுச் சுவரோரப் பாத்திக்கு மழைக்கணக்கு செல்லாது. கூரையின் இறவாரம் மழையை மறைத்துவிடும். தெருவெல்லாம் நனைந்திருக்கும், சுவரிலிருந்து இரண்டடி தூரம் தூசி பறக்கும். முன்வாசல் அழகுக்கென்று நம் எல்லாரும் கிழங்கு நடுவது அந்த இடத்தில்தான். மழை பெய்த மறுநாளும் அங்கே தோண்டிப் பாருங்கள்.

தண்ணீரைக் காலையில், அடியில், மண்ணுக்கு ஊற்றுங்கள். இலைமேலும் பூமேலும் மாலையில் தெளித்தால் இரவு முழுவதும் ஈரம் நிற்கும். துலிப்புக்கென்றே ஒரு பூஞ்சண நோய் இருக்கிறது. இலையில் நெருப்புச் சுட்டதுபோல் பொட்டுப் பொட்டாக வந்து, இலை முறுகி, பூ அழுகும். 'துலிப் தீ' என்கிறார்கள். வந்த செடியைக் கிழங்கோடு பிடுங்கிக் குப்பையில் போடுங்கள், உரக்குழியில் போடவேண்டாம். மூன்று வருடத்துக்கு அந்த இடத்தில் துலிப் நடாதீர்கள்.

மே, ஜூன்: எல்லாரும் கைவிடும் ஆறு கிழமை

இந்த வழிகாட்டியில் ஒன்றை மட்டும் நினைவில் வைப்பதானால் இந்தப் பகுதியை வையுங்கள்.

இதழ் உதிர்ந்ததும் பூத்தலையை மட்டும் கிள்ளிவிடுங்கள், விதைக்குச் சத்துப் போகாது. தண்டும் இலையும் நிற்கட்டும். அந்த இலைதான் சமையலறை. வெயிலில் அது ஆக்குவதெல்லாம் கீழே குட்டிக் கிழங்கில் போய்ச் சேருகிறது. மண் காய்ந்தால் இலை முன்கூட்டியே மஞ்சளாகும், கிழங்கு நெல்லிக்காய் அளவோடு நின்றுவிடும். அடுத்த வருடம் அந்தச் சின்னக் கிழங்கிலிருந்து அகலமான ஒற்றை இலை ஒன்று வரும், பூ வராது. "முதல் வருடம் பூத்தது, பிறகு பூக்கவேயில்லை" என்று சொல்லும் வீடுகளில் முதலில் நான் கேட்பது மே மாதம் என்ன செய்தீர்கள் என்பதைத்தான்.

ஆகவே பூ உதிர்ந்த நாளிலிருந்து, இலையில் பாதி மஞ்சளாகும் வரை, ஏப்ரலில் கொடுத்த அதே கணக்கில் கொடுங்கள். தேவையென்றால் பூ முடிந்த உடனே, ஒருமுறை, மெல்லிய உரக்கரைசல் விடலாம். இலை பார்க்க வடிவாக இல்லை என்று வெட்டுவது, முடிச்சுப் போடுவது, ரப்பர் வளையம் மாட்டுவது எல்லாம் அதற்கு வெயிலை மறைக்கும் வேலைகள். டே லில்லியைக் கிட்ட நட்டால் அதன் இலை எழும்பி இதை மூடிக்கொள்ளும்.

ஒட்டாவாவின் துலிப் பாத்திகளைப் பார்த்து மனம் தளரவும் வேண்டாம். இரண்டாம் உலகப் போரில் அங்கே அடைக்கலம் பெற்ற நெதர்லாந்து இளவரசி ஜூலியானா 1945-இல் நன்றியாக ஓர் இலட்சம் கிழங்குகள் அனுப்பினார். 1953 முதல் அங்கே துலிப் விழா நடக்கிறது. அந்தக் காட்சிப் பாத்திகளில் ஒவ்வோர் இலையுதிர்காலமும் புதுக் கிழங்கு நடுகிறார்கள். ஒரே கிழங்குக் குடும்பத்தை வருடா வருடம் பூக்கவைப்பது நம் வீட்டு வேலை, கணக்கும் வேறு.

ஜூலை, ஆகஸ்ட்: ஊற்றாமல் இருப்பது

பாதி இலை மஞ்சளானதும் நிறுத்துங்கள். முழுவதும் காய்ந்து, இழுத்தால் தானாகக் கையோடு வந்ததும் அகற்றுங்கள். பிறகு அந்த இடத்தை விட்டுவிடுங்கள். சூடான மண்ணில் ஈரமும் சேர்ந்தால் அடியழுகல் பூஞ்சணத்துக்குக் கொண்டாட்டம். ரொறன்ரோவில் கோடையிலும் மழை பெய்யும், அதை நாம் தடுக்கமுடியாது. தண்ணீர் வடியும் மண்ணென்றால் அதைக் கிழங்கு தாங்கும். அதற்கு மேல் நாம் ஊற்றும் தண்ணீரைத்தான் தாங்காது. தானாக ஓடும் ஸ்பிரிங்க்ளர் இருந்தால் அந்தப் பக்கத்துத் தெளிப்பு வாயை அடைத்துவிடுங்கள்.

அடைக்கமுடியாதென்றால் கிண்டி எடுத்து வையுங்கள். இலை மஞ்சளானதும் தோட்டத்து முள்ளுக்கரண்டியால் தள்ளிக் குத்தி நெம்பி, மண்ணைத் தட்டி, நிழலில் சில நாள் உலர்த்துங்கள். கழுவவேண்டாம். மென்மையாகிப்போனவை, வாடையடிப்பவை இருந்தால் கழித்துவிடுங்கள். மிஞ்சியதை வெங்காயம் வரும் வலைப்பையில் போட்டு, காற்றோட்டமான நிலக்கீழ் அறையில் தொங்கவிடுங்கள். ஐயா தாளோடு பிடி பிடியாகக் கட்டித் தொங்கவிட்டதும் இதே காரணத்துக்குத்தான். ஆப்பிள், வாழைப்பழம் இருக்கும் இடத்தில் வைக்காதீர்கள். பழுக்கும் பழம் விடும் எத்திலீன் வாயு, கிழங்குக்குள் உருவாகும் பூவைக் கருக்கிவிடும்.

எல்லாக் கிழங்கும் துலிப் இல்லை

இதுவரை சொன்ன கோடைக் காய்ச்சல் துலிப், க்ரோக்கஸ், ஹையசிந்த், அலங்கார அல்லியம் ஆகியவற்றுக்கு முழுதாகப் பொருந்தும். அல்லியம் வெங்காயத்தின் சொந்தக்காரன், குணமும் அதுவே. டாஃபடிலுக்கு ஜூன் நடுவரை ஈரம் வேண்டும், கோடை மழையையும் அது துலிப்பைவிட நன்றாகத் தாங்கும். களிமண் வளவில் தொடங்குபவர்களுக்கு நான் முதலில் சொல்வது டாஃபடில்தான். நச்சுத் தன்மை இருப்பதால் அணிலும் தொடாது. ஸ்னோட்ரொப் முற்றாகக் காய்வதை விரும்பாது, இலையுதிர் மரத்தடியில் நல்லது. தண்ணீர் நிற்கும் தாழ்வான மூலை இருந்தால் பாம்புத்தலை ஃப்ரிட்டிலேரியா, கமாசியா ஆகியவற்றை முயலுங்கள், ஈரப் புல்வெளிகளில் வளர்ந்தவை அவை. ஃப்ரிட்டிலேரியாவில் பெரிய வகையான 'அரசமுடி'க்கு கிழங்கின் நடுவில் குழி இருக்கும். அதில் நீர் தேங்காமலிருக்கப் பலர் சாய்த்து நடுகிறார்கள், நானும் அப்படித்தான்.

பூச்சாடியில்

சாடியின் கதை வேறு. வெளியே விட்டால் பக்கவாட்டிலும் உறைந்து, நனைந்த மண் விரிந்து, கிழங்கு நொறுங்கிக் கூழாகும். அடியில் துளை இருக்கவேண்டும். நட்ட அன்று, அடியால் வழியும் வரை ஊற்றி, டிசெம்பரில் சூடேற்றாத கராஜுக்குள் வையுங்கள். அங்கே மழையும் ஸ்நோவும் இல்லை, அதனால் நாம்தான் ஊற்றவேண்டும். மாதம் ஒருமுறை தொட்டுப் பாருங்கள். மண் இளகியும் காய்ந்தும் இருந்தால் இரண்டு கோப்பைத் தண்ணீர், உறைந்திருந்தால் ஒன்றும் வேண்டாம். வெளியே எடுத்த பிறகு, ஏப்ரல் வெயிலில் இரண்டு நாளைக்கொருமுறை கேட்கும், பூத்திருக்கும் சூடான நாட்களில் தினமும் கேட்கும்.

யாழ்ப்பாணத்திலும் சென்னையிலும் இருந்து இதைக் கேட்பவர்களுக்கு: துலிப்புக்கு 9 பாகைக்குக் கீழே பன்னிரண்டு முதல் பதினாறு கிழமைக் குளிர் வேண்டும். குளிர்பெட்டியில், பழமில்லாத தட்டில் வைத்து எடுத்தால் ஒருமுறை பூக்கவைக்கலாம். மறுவருடம் எதிர்பார்க்கவேண்டாம்.

செப்டெம்பர் கடைசி: பழைய பாத்திக்கும்

புதுக் கிழங்கு நட்ட பாத்தியை மட்டும் நனைத்துவிட்டு, போன வருடத்துப் பாத்தியை மறந்துவிடுவது வழக்கம். மண்ணுக்குள் கோடையைக் கழித்த கிழங்கும் அதே நாட்களில்தான் புது வேர் விடத் தொடங்குகிறது. மேலே ஒன்றும் தெரியாது, வெறும் மண்தான். அதனால் கிழங்கு இருக்கும் இடத்தில் மே மாதமே குச்சி நட்டு வையுங்கள். செப்டெம்பர் கடைசியில் இரவு குளிரத் தொடங்கியதும் குச்சிக்குப் பக்கத்தில் கொஞ்சம் தள்ளி 15 செ.மீ. தோண்டிப் பாருங்கள். காய்ந்திருந்தால் சதுர மீற்றருக்கு அதே 25 லீற்றர்.